சுதந்திரத் துறையும் ஒரு வாளி ஈஸ்டும்

வைனோ காங்கஸின் தாடி அவனுக்குச் சொந்தமானது அல்ல. முளைத்தது அவன் கன்னத்தில்தான், சிக்கெடுப்பதும் அவன்தான். ஆனால் பியர் ஆலையை விற்ற ஒப்பந்தத்தில் ‘நிறுவனரின் தோற்றம்’ என்று ஒரு பகுதி இருந்தது. அதன்படி தாடி நான்கு விரல்கடைக்குக் குறையக் கூடாது. காதோரம் நரை இருக்கலாம், மீசையில் உணவுத் துணுக்கு இருக்கக் கூடாது. கட்டம் போட்ட சட்டைகள் மாதாமாதம் பார்சலில் வந்தன, முழங்கையை முன்கூட்டியே கிழித்து. அவனுடைய பழைய பிக்கப் வண்டியின் துருவும் அதே பக்கத்தில் இடம்பெற்றிருந்தது. அவ்வப்போது சிகாகோவிலிருந்து துருத் தணிக்கைக்கு ஆள் வந்து, கதவின் கீழ் விளிம்பைத் தட்டிப் பார்த்து, துரு போதிய நேர்மையுடன் இருப்பதாகச் சான்று கொடுத்துவிட்டுப் போவார்கள்.

சுப்பீரியர் ஏரியின் தென்கரையில், அயர்ன் ஹார்பர் என்ற ஊரில், மூடிப்போன சுரங்கத்தின் கருவிக் கொட்டகையில் வைனோ தொடங்கிய ஆலை அது. பெயர் ‘துருப்பிடித்த மண்வெட்டி’. இருபது வருடம் தானே காய்ச்சி, தானே பீப்பாய் உருட்டி, தானே தொட்டி கழுவினான். பிறகு முதுகு போயிற்று, கூரை ஒழுகிற்று, மகளின் கல்லூரிக் கடன் குட்டி போட்டது. அந்தச் சமயம் பார்த்து காஸல்வேன் குழுமத்திலிருந்து இரண்டு பேர், கோட்டைக் காரிலேயே கழற்றி வைத்துவிட்டு வந்து, “ஒண்ணுமே மாறாது வைனோ” என்றார்கள். கையெழுத்துப் போடும்போது அவன் கை நடுங்கவில்லை. நடுங்கியிருந்தால் பின்னால் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

காஸல்வேன் இப்படி நாடெங்கும் முப்பதுக்கு மேற்பட்ட சிறு ஆலைகளை வளைத்துப் போட்டிருந்தது. ஒன்றுமே மாறவில்லை என்று காட்டுவதற்காகவே சிகாகோவில் ஒரு மாடி முழுக்க ஆட்கள் வேலை பார்த்தார்கள். அந்த மாடிக்குச் சுதந்திரத் துறை என்று பெயர்.

ஆலையைச் சுற்றிப் பார்க்க வருகிறவர்கள் முன்னால் வைனோ பெரிய கம்பெனிகளைத் திட்ட வேண்டும். இதுவும் ஒப்பந்தத்தில் இருந்தது. வசவை அச்சடித்து அனுப்பியதும் சுதந்திரத் துறைதான். “அந்தக் கண்ணாடி மாளிகைக்காரங்களுக்கு பியர்னா என்னன்னு தெரியுமா? அவனுங்க காய்ச்சுறது குதிரை மூத்திரம்!” என்று வரும். அடுத்த வரியில், அடைப்புக்குறிக்குள், ‘இங்கே மூச்சு. கண் கலங்கலாம், கட்டாயமில்லை’ என்று இருக்கும். வைனோ ஒவ்வொரு முறையும் மூச்சு விட்டான். கூட்டம் ஒவ்வொரு முறையும் கை தட்டியது. முதல் சில மாதங்கள், கைதட்டல் முடிந்ததும் கழிப்பறைக்குப் போய்க் கொஞ்ச நேரம் கதவைச் சாத்திக்கொண்டு நின்றான். போகப் போக அதையும் விட்டுவிட்டான்.

பழைய ஆட்கள் பதினொரு பேரையும் வேலையை விட்டு அனுப்பவில்லை. அதைத்தான் அவன் தனக்கும் தன் மனைவிக்கும் மாற்றி மாற்றிச் சொல்லிக்கொண்டிருந்தான். தொட்டி கழுவிக்கொண்டிருந்த ரோலிக்கு இப்போது வாசனைப் பொறுப்பு. காலையில் ஒரு பெரிய வாணலியில் மால்ட் என்னும் முளைகட்டிய பார்லியைப் போட்டு வறுத்து, மின்விசிறியைத் தெருப் பக்கம் திருப்பி வைப்பான். ஊரே மணக்கும். பழைய நாட்களில் தானாக வந்த வாசனைதானே, இப்போது எதற்கு ஆள் போட்டு வறுக்கிறார்கள் என்று வைனோ ஒரு நாளும் யோசிக்கவில்லை.

ஜூன் மாதத்தில் ஒரு திங்கட்கிழமை, வறுபட்ட அந்த மணத்தினூடே ட்ரூடி பாஸ்கோ வெள்ளை வாளியோடு வந்தாள்.

ட்ரூடி பக்கத்து ஊரில், பழைய தீயணைப்பு நிலையம் ஒன்றில் பியர் காய்ச்சுகிறவள். அவளும் ஒரு உதவியாளும், அவ்வளவுதான் ஆலை. வைனோவுக்கும் அவளுக்கும் ஒரே வயது, ஒரே வாய்த்துடுக்கு.

“என்னய்யா நிறுவனரே! தாடி அமோகமா விளைஞ்சிருக்கே. அறுவடை எப்போ?”

“வந்ததும் வம்பா? உக்காரு.”

“உக்கார நேரமில்ல. என் ஈஸ்ட் போயிருச்சு வைனோ. எந்தக் கிருமி புகுந்துச்சோ, மொத்தமும் கெட்டுப்போச்சு. தொட்டியத் திறந்தா மழையில நனைஞ்ச சாக்ஸ் வாசம்.” வாளியை அவன் காலடியில் வைத்தாள். “யுஹான்னுஸ் திருவிழாவுக்குக் காய்ச்சணும். இந்த வாரத்துக்குள்ள விட்டாத்தான் பொங்கி, அடங்கி, தெளியும். புடிச்சுக் குடு, நான் போறேன்.”

பியருக்கு ஈஸ்ட் என்பது தயிருக்கு உறை மாதிரி. ஒரு வீட்டில் உறை தீர்ந்தால் பக்கத்து வீட்டில் வாங்கிக்கொள்வதைப் போல, சிறு ஆலைக்காரர்கள் ஈஸ்ட் வாங்கிக்கொள்வார்கள். வாளியோடு வந்தால் நிரப்பிக் கொடுப்பார்கள். எதற்கு என்று கேட்பதில்லை, விலை பேசுவதில்லை, நன்றி சொன்னால்கூடச் சிரிப்பார்கள். வைனோ ஆலை தொடங்கியபோது அவனுடைய முதல் ஈஸ்ட் ட்ரூடியிடமிருந்துதான் வந்தது. அன்று முதல் இரண்டு ஆலையிலும் ஒரே ஈஸ்ட்தான். ஒருத்தரிடம் கெட்டுப்போனால் இன்னொருத்தரிடம் இருக்கும் என்ற தைரியத்தில் இருவருமே தனியாக எதையும் சேமித்து வைத்ததில்லை.

ஆக, இப்போது அந்த ஈஸ்ட் மிச்சம் இருப்பது வைனோவிடம் மட்டும். தவிர, ஃபின்லாந்து வழிவந்த அந்த ஊர்க்காரர்களின் நடுக்கோடைத் திருவிழாவான யுஹான்னுஸில் ஏரிக்கரை நெருப்பைச் சுற்றி ஊரே கூடும்போது அங்கே பியர் ஊற்றும் உரிமை இந்த வருடம் ட்ரூடிக்குக் கிடைத்திருந்தது. அந்த ஒரு நாள் வியாபாரத்தில்தான் அவள் குளிர்காலத்தைத் தள்ளியாக வேண்டும்.

வைனோ வாளியைத் தூக்கிக்கொண்டு தொட்டி அறைக்குப் போனான். கதவில் புதிதாக ஒரு பூட்டு. பக்கத்தில் அட்டையைக் காட்டும் பெட்டி. தன் அட்டையைக் காட்டினான். பெட்டி சிவப்பாக விழித்தது. மறுபடியும் காட்டினான். அவனுடைய அட்டைக்கு மூன்று கதவுகள் மட்டும்தான் திறக்கும்: பியர் ஊற்றும் கூடம், நினைவுப்பொருள் கடை, பார்வையாளர்கள் அவனோடு நின்று படம் எடுத்துக்கொள்ளும் மூலை. தொட்டி அறைக்குள் கடைசியாக எப்போது போனோம் என்று அவனுக்கே ஞாபகம் வரவில்லை.

அந்தப் பூட்டு ஒன்றும் கோட்டைக் கதவு அல்ல. ஆத்திரப்பட்டு ஓங்கி நாலு போடு போட்டால் கழன்று விழும். வைனோவுக்கு அது தெரிந்தது. தெரிந்தும் வாளியோடு திரும்பி வந்தான்.

“கேட்டுச் சொல்றேன்” என்றான்.

ட்ரூடிக்குச் சட்டென்று விளங்கவில்லை. “யாரக் கேப்ப?”

“சிகாகோவ.”

“ஒரு வாளி ஈஸ்டுக்கா?”

“ரெண்டு நாள்தான் ட்ரூடி. மொறைப்படி கேட்டு வாங்கிட்டா பின்னால வில்லங்கம் இருக்காது பாரு.”

அவள் அவனை மேலும் கீழும் பார்த்தாள். பகடிக்காக வாயைத் திறந்தவள், என்ன தோன்றிற்றோ, மூடிக்கொண்டாள். “சரி. வாளி இங்கயே இருக்கட்டும்” என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள். வைனோவுக்குக் காது மடல் வரைக்கும் சூடு ஏறியது. ‘கேட்டுச் சொல்றேன்’ என்று அந்தத் தொழிலில் இதற்கு முன்னால் யாரும் யாரிடமும் சொன்னதில்லை.

புதன்கிழமை அவன் சிகாகோவில் இருந்தான். போனிலேயே கேட்டிருக்கலாம், கேட்டான். ஆனால் சுதந்திரத் துறையின் துணைத் தலைவர் மெரிடித் ஹால்ஸ்டெட், இது மனதைத் தொடும் விஷயம் என்பதால் நேரில்தான் பேச வேண்டும் என்று சொல்லிவிட்டார். வைனோவுக்கும் அது ஒரு விதத்தில் சௌகரியமாக இருந்தது. விமானம் ஏறிப் போகிற மனிதன் சும்மா இருக்கிறான் என்று யாரும் சொல்ல முடியாதல்லவா?

கூட்ட அறை ஒரு மாட்டுக்கொட்டகையாக இருந்தது. நிஜமான கொட்டகை. அயோவாவில் நொடித்துப்போன ஒரு விவசாயியிடம் பலகை பலகையாக வாங்கி, இருபத்தேழாவது மாடியில் திரும்பக் கட்டியிருந்தார்கள். பீப்பாய்களில் உட்கார்ந்து, ஊறுகாய் ஜாடிகளில் தண்ணீர் குடித்தார்கள். மெரிடித் பளிச்சென்ற பற்களும் பதமாகக் கசங்கிய சட்டையுமாக எழுந்து வந்து அவனைக் கட்டிப்பிடித்துக்கொண்டார்.

“வைனோ! உங்க கோரிக்கையப் படிச்சப்போ எனக்கு அழுகையே வந்துருச்சு. பக்கத்து ஊர்க்காரி, கையில ஒரு வாளி! இதத்தாங்க நாங்க காசு குடுத்து வாங்கினது. அக்கம்பக்க அன்புக்கு இந்தக் கம்பெனி நூறு சதவீதம் ஆதரவு. அனுமதி வாங்கின அன்பா இருக்கணும், அவ்வளவுதான்.”

“அனுமதி எப்போ கிடைக்கும்? இந்த வாரமே வேணும்.”

“அதுக்குத்தான் லோவெல் இருக்கார்” என்றார் மெரிடித்.

லோவெல் அக்கம்பக்க உறவுகளுக்கான சட்ட ஆலோசகர். ஒல்லியாக, சோகமாக இருந்தார். “ஈஸ்ட் உயிருள்ள சொத்து, மிஸ்டர் காங்கஸ். உங்கள விட அதுக்கு காப்பீட்டுத் தொகை அதிகம், தப்பா எடுத்துக்காதீங்க. அந்த அம்மா தொட்டியில அத விட்டா அது என்ன பண்ணும்?”

“பொங்கும்.”

“பொங்கும். அதாவது வேலை செய்யும். போட்டி நிறுவனத்துக்கு வேலை செய்யும். நம்ம ஊழியர் யாருமே அப்படிச் செய்யக் கூடாதுன்னு விதி இருக்கு. ஈஸ்டுக்கு மட்டும் விலக்கு குடுத்தா மத்தவங்க கேக்க மாட்டாங்களா?”

வைனோ சுற்றிலும் பார்த்தான். யாரும் சிரிக்கவில்லை. ஒருவர் தலையாட்டிக்கொண்டே குறித்துக்கொண்டார்.

மெரிடித் அவன் தோளில் கை வைத்தார். “உங்க மனசு எனக்குப் புரியுது. சின்ன ஆலைக்காரங்க பாவம். மழை அடிச்சா ஒழுகும், ஈஸ்ட் செத்தா இழுத்து மூடணும். சுதந்திரம் எவ்வளவு மென்மையான விஷயம் தெரியுமா? அத சுதந்திரமா இருக்கிறவங்க கையில விட்டா உடைச்சுருவாங்க. அதனாலதான் நாங்க வாங்கிப் பத்திரமா வைக்கிறோம். இந்த நாட்டுல எங்க அளவுக்குச் சுதந்திரம் கையிருப்பு வச்சிருக்கிறவங்க யாருமே இல்ல வைனோ. அடுத்த வருஷம் இன்னும் பன்னெண்டு சுதந்திரம் வாங்கப் போறோம்.”

அறை கை தட்டியது. வைனோவின் கையும் பழக்கத்தில் இரண்டு தட்டு தட்டிவிட்டது. உடனே அவனுக்குத் தன் மேலேயே அருவருப்பு வந்தது. அந்த அருவருப்பில்தான், ட்ரூடிக்காக ஏதாவது ஒரு உண்மையைச் சொல்லியே ஆக வேண்டும் என்று எழுந்து நின்றான்.

“அது எங்க ஈஸ்டே கிடையாதுங்க. அவளோடது. நான் ஆலை ஆரம்பிச்சப்போ அவதான் வாளியில கொண்டாந்து குடுத்தா. இப்பவும் ரெண்டு பேருக்கும் ஒரே ஈஸ்ட்தான். அவ பொருள அவளுக்குத் திருப்பிக் குடுக்கச் சொல்றேன், வேற ஒண்ணும் கேக்கல!”

லோவெலின் சோகமான முகத்தில் முதல் தடவையாக ஒரு வெளிச்சம் வந்தது.

“ஒரே ஈஸ்டா? நிச்சயமா?”

“நிச்சயமா.”

“அப்படின்னா அவங்க இத்தனை நாளா நம்மளோட பதிவு செஞ்ச ஈஸ்ட வச்சு பியர் காய்ச்சியிருக்காங்க.”

அவள்தான் முதலில் வைத்திருந்தாள் என்று வைனோ திரும்பச் சொன்னான். முதலில் வைத்திருப்பது வேறு, முதலில் பதிவு செய்வது வேறு என்று லோவெல் மிகுந்த பரிவோடு விளக்கினார். மெரிடித் அவனுடைய வெளிப்படையான பேச்சைப் பாராட்டி ஒரு தொப்பி பரிசளித்தார். வாளி விஷயம் அடுத்த காலாண்டுக் கூட்டத்தில் எடுத்துக்கொள்ளப்படும் என்றும், அதுவரை ட்ரூடியின் மனம் நோகாமல் இருக்க ஒரு சீஸ் கூடை அனுப்பிவைக்கப்படும் என்றும் முடிவாயிற்று. இறங்கும் மின்தூக்கியில் வைனோ அந்தத் தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றான். எங்கே வைப்பது என்று தெரியவில்லை.

வெள்ளிக்கிழமை ட்ரூடியின் தீயணைப்பு நிலையத்துக்குப் போனபோது, அவள் மேசையில் கூரியர் பெட்டி ஒன்று திறந்து கிடந்தது. காஸல்வேன் சிக்கனமான கம்பெனி, ஒரே பெட்டியில் இரண்டையும் அனுப்பியிருந்தது. மேலே சீஸ், அடியில் வக்கீல் நோட்டீஸ். வைனோ காங்கஸ் நேரில் அளித்த தகவலின்படி, அந்த ஈஸ்டையோ அதன் வம்சாவளியையோ இனி அவள் வளர்க்கவோ, வாங்கவோ, காய்ச்சவோ கூடாது.

ட்ரூடி ஒரு துண்டு சீஸை வெட்டி அவன் முன்னால் தள்ளினாள். “சாப்பிடு. உங்க கம்பெனி சீஸு. நல்லாத்தான் இருக்கு.”

“ட்ரூடி, நான் வேணும்னு...”

“நீ வித்தப்போ நான் உன்ன ஒரு வார்த்த கேட்டேனா? ஊரே கரிச்சுக் கொட்டுச்சு. நான் சொன்னேன், அவன் முதுகு அவனுக்குத்தான் தெரியும்னு. சொன்னேனா இல்லையா?”

“சொன்ன.”

“பூட்டு போட்டுட்டான். சரி. உடைக்கப் பயம். அதுவும் சரி, ஒப்பந்தம் இருக்கு. ஆனா அங்க போயி, இது அவளோடதுன்னு மேடை போட்டுச் சொல்லிட்டு வந்திருக்க பாரு...”

“நல்லதுக்குத்தான் சொன்னேன் ட்ரூடி, சத்தியமா.”

“தெரியும்யா. அதான் வயித்தெரிச்சல். கெட்ட எண்ணத்துல செஞ்சிருந்தா நாலு திட்டு திட்டிட்டு நிம்மதியாப் போயிருவேன்.”

அவள் எழுந்து போய், காலியாகக் கிடந்த தொட்டியை மறுபடியும் கழுவ ஆரம்பித்தாள். வைனோ சீஸைத் தின்றான். அதைத் தின்னாமல் எழுந்து போகும் யோக்கியதை தனக்கு இல்லை என்று அவனுக்குப் பட்டது.

வீட்டுக்கு வந்து இரவெல்லாம் புரண்டு படுத்தவன், நாளைக்குப் பூட்டை உடைத்து ஈஸ்டை எடுத்துக் கொடுத்துவிடுவது, வேலையும் போகட்டும், தாடியும் போகட்டும் என்று முடிவு செய்த பிறகுதான் தூங்கினான். திங்கட்கிழமையே செய்திருக்க வேண்டிய காரியம். நோட்டீஸ் வந்த பிறகும் அவள் வாங்கிக்கொள்வாளா என்று தெரியாது. கொண்டுபோய் நிற்க வேண்டும் என்று மட்டும் இருந்தது.

சனிக்கிழமை ஆலையில் கூட்டம் நெரிந்தது. மெரிடித் வேறு வந்திருந்தார், துருத் தணிக்கையை நேரில் பார்க்க. வைனோ வழக்கம்போல் பெட்டி மேல் ஏறி வசவைத் தொடங்கினான். “அந்தக் கண்ணாடி மாளிகைக்காரங்களுக்கு...” என்றவன், மூச்சு விட வேண்டிய இடத்தில் நிறுத்தினான். இறங்கினான். ட்ரூடியின் வாளியை எடுத்தான். சுவரில் மாட்டியிருந்த சுரங்கச் சம்மட்டியைப் பிடுங்கிக்கொண்டு தொட்டி அறைக் கதவுக்குப் போய் ஓங்கி அடித்தான்.

சம்மட்டி மெத்தென்று வளைந்தது. ரப்பர். பழைய இரும்புச் சம்மட்டி பார்வையாளர்கள் மேல் விழுந்துவிடப் போகிறதே என்று எப்போதோ மாற்றிவிட்டிருந்தார்கள். வைனோ அதை வீசி எறிந்துவிட்டுத் தீயணைக்கும் சிலிண்டரைத் தூக்கினான். அதுவாவது நிஜமாக இருந்தது. நான்காவது அடியில் பூட்டு தெறித்து விழுந்தது. கூட்டம் ‘ஓ’வென்று கத்தியது. ஒரு கிழவர் தொப்பியைக் கழற்றி நெஞ்சில் வைத்துக்கொண்டார்.

உள்ளே தொட்டிகள் பளபளத்தன. அடியில் நீல விளக்கு போட்டிருந்தார்கள். வைனோ பழைய பழக்கத்தில் மூன்றாவது தொட்டியின் அடிக்குழாயைத் திருகி வாளியை வைத்தான். சாம்பல் நிறத்தில் கொழகொழவென்று இறங்கியது. அவன் முகத்தை அருகே கொண்டுபோய் முகர்ந்தான். விரலால் தொட்டு நாக்கில் வைத்தான்.

ஓட்ஸ் கஞ்சி.

பின்னாலேயே ஓடிவந்த ரோலி அவன் காதருகே குனிந்தான். “அது சும்மா நிறத்துக்கு வைனோ. கண்ணாடிக் குழாய்ல பாக்கறவங்களுக்கு ஏதாவது தெரியணும்ல.”

“பியரு?”

“போன இலையுதிர் காலத்துலேருந்தே நியூ ஜெர்சியிலேருந்து டேங்கர்லதான் வருது. அதான என்னைய மால்ட் வறுக்கப் போட்டாங்க.”

“எங்கிட்ட யாருமே சொல்லலியே ரோலி!”

ரோலி நிஜமாகவே திகைத்துப்போனான். “உனக்குத் தெரியும்னுல்ல நெனச்சோம்! தெரியாத மாதிரி இருக்கணும்னு உன் ஒப்பந்தத்துல எழுதியிருக்கும்னு நெனச்சு, நாங்க யாரும் வாயத் திறக்கல. தினமும் ஒரு கிளாஸ் குடிச்சுட்டு, ‘ஆஹா, இதாண்டா நம்ம பியரு’ன்னு சொல்லுவியே. என்னமா நடிக்கிறான் மனுஷன்னு பேசிக்குவோம்.”

வைனோவின் முகத்தில் ஈயாடவில்லை. அவன் நடிக்கவில்லை. எட்டு மாதமாக டேங்கரில் வந்த சரக்கைத் தன் ஆலையில் காய்ச்சியது என்று நம்பி, நாக்கைச் சப்புக்கொட்டிக் குடித்திருந்தான். ஆலையை விற்றதற்குக்கூட முதுகு, கூரை, கடன் என்று காரணம் சொல்லிக்கொள்ள முடிந்தது. இதற்கு ஒன்றுமே கிடைக்கவில்லை.

வெளியே கைதட்டல் அடங்கவில்லை. மெரிடித் கண்ணைத் துடைத்துக்கொண்டு உள்ளே வந்தார். “இத யாரு எழுதினது? எங்க ஆட்களா? இல்ல நீங்களேவா? வைனோ, அந்த ரப்பர் சம்மட்டி வளையுது பாருங்க, அந்த இடம்! தோத்துப்போன மாதிரி காட்டிட்டு அப்புறம் சிலிண்டர்! எனக்கு மயிர்க்கூச்செறிஞ்சுருச்சு.”

“நான் நிஜமாத்தான் உடைச்சேன். ஈஸ்ட் எங்க?”

“பத்திரமா இருக்கு. நியூ ஜெர்சியில உறைபெட்டியில, நம்பர் போட்டு.”

“அதுல ஒரு கரண்டி குடுங்க. ஒரு கரண்டி போதும், நான் வளத்துக்குவேன்.”

“கேளுங்க வைனோ, தாராளமாக் கேளுங்க” என்றார் மெரிடித் அன்பாக. “கேக்கறதுக்கு ஒரு முறை இருக்கு, அவ்வளவுதான். இப்ப இதச் சொல்லுங்க: தினமும் ரெண்டு காட்சி பண்ண முடியுமா? காலையில ஒண்ணு, மத்தியானம் மூணு மணிக்கு ஒண்ணு. பூட்டு நாங்க வாங்கித் தர்றோம், லேசா உடையிற மாதிரி.”

வேலையை விடுகிறேன் என்று சொல்ல வைனோ வாயைத் திறந்தான். மெரிடித் காத்திருந்தார். மில்வாக்கியில் இன்னொரு வைனோ தயாராக இருப்பதாகவும், அவருடைய தாடி ஏற்கெனவே மூன்று விரல்கடை வந்துவிட்டதாகவும், ஆனால் புது ஆள் வந்தால் பழைய பதினொரு பேரை என்ன செய்வது என்று யோசிக்க வேண்டியிருக்கும் என்றும் பேச்சோடு பேச்சாகச் சொன்னார். ரோலி தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான். அவன் மனைவிக்கு வாரம் இரண்டு முறை டயாலிசிஸ். வைனோ வாயை மூடிக்கொண்டான். ரோலிக்காகத்தான் மூடினேன் என்று பிற்பாடு பலரிடம் சொன்னான். ரோலி அங்கே இல்லாவிட்டாலும் மூடியிருப்பான். அது அவனுக்கும் தெரியும்.

வாளியிலிருந்த கஞ்சியைக் கொட்டிக் கழுவி, வாளியை மட்டும் ட்ரூடியின் வாசலில் வைத்துவிட்டு வந்தான். கதவைத் தட்டவில்லை.

யுஹான்னுஸ் அன்று ஏரியில் வெகுநேரம் வெளிச்சம் மங்கவில்லை. கரையில் விறகு அடுக்கி நெருப்பு மூட்டியிருந்தார்கள். மீன் புகையும் அக்கார்டியன் சத்தமும் கலந்து வந்தன. ட்ரூடியின் கடை நடந்துகொண்டிருந்தது. ஈஸ்ட் கொடுத்தது வெண்டெல் என்று விஸ்கான்சினில் காய்ச்சுகிற ஒருவன். ட்ரூடியை இரண்டு தரம் பார்த்திருப்பானோ என்னவோ. அவள் போனில் விஷயத்தைச் சொல்லி முடிப்பதற்குள் வண்டியைக் கிளப்பி, நாலு மணி நேரம் ஓட்டிக்கொண்டு வந்து வாளியை இறக்கி வைத்துவிட்டு, இறைச்சியும் உருளைக்கிழங்கும் வைத்துச் சுட்ட பேஸ்டி ஒன்றைத் தின்றுவிட்டுத் திரும்பிப் போனானாம். எதற்கு என்று கேட்கவே இல்லையாம். ஊரில் இதை வைனோவிடம் குறைந்தது ஐந்து பேர் சொல்லிவிட்டார்கள்.

இந்த மாதிரி விழாக்களில் பியர் காய்ச்சுகிறவர்கள் வரிசையில் நிற்பதில்லை. கடைக்குப் பின்பக்கமாக வந்து, பீப்பாய் மேல் உட்கார்ந்து, தாங்களே ஊற்றிக்கொண்டு ஊர்வம்பு பேசுவார்கள். வெண்டெலும் இன்னும் நாலைந்து பேரும் அப்படித்தான் உட்கார்ந்திருந்தார்கள். வைனோ தயங்கித் தயங்கி அந்தப் பக்கம் போனான். மன்னிப்புக் கேட்கலாம் என்று நினைத்திருந்தான். எதிலிருந்து தொடங்குவது என்பதுதான் தெரியவில்லை.

ட்ரூடி கிளாஸ் நிரப்பிக்கொண்டே நிமிர்ந்து பார்த்தாள். கோபமெல்லாம் ஒன்றும் இல்லை. வாடிக்கையாளரிடம் சொல்வது போல நல்லபடியாகத்தான் சொன்னாள்.

“வரிசை அந்தப் பக்கம் இருக்கு. அங்க வாங்க.”

பீப்பாய் மேல் உட்கார்ந்திருந்தவர்கள் பேச்சை நிறுத்திவிட்டு நெருப்பைப் பார்த்தார்கள். வைனோ “ம்” என்று தலையை ஆட்டிவிட்டுச் சுற்றிக்கொண்டு போய் வரிசையின் கடைசியில் நின்றான்.

முன்னால் நின்ற டெட்ராய்ட்டுக்காரர் அவனை உடனே அடையாளம் கண்டுகொண்டார். “அடடா, நீங்களா! என் பொண்டாட்டி உங்க காட்சிய மூணு தடவ பாத்துட்டா. ஒவ்வொரு தடவயும் அழுவுறா. நீங்க எதுக்குங்க வரிசையில நிக்கணும்? முன்னால போங்க, முன்னால போங்க!”

“இல்லீங்க, பரவால்ல.”

“ஒண்ணு கேக்கறேன், தப்பா நெனைக்காதீங்க. மொத தடவ அந்தப் பூட்ட நிஜமாவே உடைச்சீங்களாமே? உண்மையா?”

வைனோ கடைப் பக்கம் பார்த்தான். “மத்தியானக் காட்சிக்கு வாங்க. அதுலதான் நல்லா உடையும்” என்றான்.

வரிசை மெல்ல நகர்ந்தது. அவன் முறை வந்தபோது ட்ரூடி எல்லாருக்கும் ஊற்றுவது போலவே ஊற்றினாள், கோடு வரைக்கும், ஒரு சொட்டு கூட்டாமல் குறைக்காமல். அவன் அங்கேயே நின்று ஒரு வாய் குடித்தான். பழைய ருசி இல்லை. அந்த ருசி இனி உறைபெட்டிக்குள் மட்டும்தான் இருக்கும். ஆனால் நல்ல பியர். மிக நல்ல பியர். எட்டு மாதத்தில் அவன் குடித்த முதல் பியர் என்றே சொல்லலாம். அதை அவளிடம் சொல்லிவிட வேண்டும் என்று கிளாஸைக் கீழே இறக்கினான்.

“அடுத்தவங்க வாங்க” என்றாள் ட்ரூடி. பின்னால் ஆள் நின்றிருந்தது. வைனோ நகர்ந்து வழிவிட்டான்.